உறுதிமொழியாக எழுத்து: பழைய உணவுப் பொதிகளின் எழுத்து வடிவங்களும் இன்றைய வடிவமைப்பும்

ஆய்வுச் சுருக்கம்

பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரிட்டனிலும் அமெரிக்காவிலும் உணவுப்பொருள் சில்லறை மூட்டையிலிருந்து மூடிய பொதிக்கு மாறியபோது, கடைக்காரரின் சொல்லுக்கு இருந்த இடத்தைப் பொதியின்மேல் அச்சிட்ட எழுத்து எடுத்துக்கொண்டது. அவ்வெழுத்து வெறும் அணியாக அமையவில்லை. கலப்படத்துக்கு எதிரான உறுதிமொழியாகச் செயல்பட்டது. கல்லச்சு, தகர அச்சு, மடிப்பு அட்டைப்பெட்டி ஆகிய தொழில்நுட்பங்களும் வணிகக்குறிச் சட்டங்களும் சேர்ந்து அதன் வடிவத்தைத் தீர்மானித்தன. 1950களுக்குப் பின் வடிவமைப்பாளர்கள் இவ்வெழுத்து வடிவங்களை மீட்டெடுத்தபோது, வடிவத்தோடு அதன் நம்பகத்தன்மையும் கடனாகப் பெறப்பட்டது. இப்போக்கை ஆராயும் இக்கட்டுரை, தமிழ் எழுத்தில் அத்தகைய மீட்பு எதிர்கொள்ளும் இரு தனிச்சிக்கல்களையும் எடுத்துரைக்கிறது. ஒன்று, 1978ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தம். மற்றொன்று, பொதி விவர மொழி குறித்த இந்தியச் சட்டவிதிகள்.

திறவுச்சொற்கள்: உணவுப் பொதி, எழுத்துருவியல், கல்லச்சு, வணிகக்குறி, எழுத்துச் சீர்திருத்தம், மீட்பு வடிவமைப்பு

முன்னுரை

அச்சு வரலாறு பெரும்பாலும் நூல்களின் வரலாறாகவே எழுதப்பட்டுள்ளது. ஆனால், எழுத்தறிவு பெற்ற ஒரு சமூகத்தில் நாள்தோறும் மிகுதியானோர் காணும் அச்செழுத்து நூலில் இருப்பதன்று. தேயிலைப் பொட்டலத்திலும் பிஸ்கட் உறையிலும் எண்ணெய்த் தகரத்திலும் இருப்பது. பயன்படுத்தியபின் எறியப்படும் பொருள் என்பதால் நூலகங்களும் ஆவணக் காப்பகங்களும் அதனை நெடுங்காலம் பொருட்படுத்தவில்லை. ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தின் பாட்லியன் நூலகத்தில் உள்ள ஜான் ஜான்சன் தொகுப்பும், ராபர்ட் ஓபி என்னும் தனியாளின் சேகரிப்பிலிருந்து வளர்ந்த லண்டன் வணிகப்பெயர் அருங்காட்சியகமும் இந்நிலையை ஓரளவு மாற்றின.

இக்கட்டுரையில் 'பொதி' என்பது உணவுப்பொருளைச் சுற்றியுள்ள தாள், அட்டை, தகரம், கண்ணாடி ஆகிய அனைத்தையும் குறிக்கும். 'கோத்த எழுத்து' என்பது உலோகத்திலோ மரத்திலோ முன்னரே வார்த்தும் வெட்டியும் வைத்த அச்செழுத்துகளை வரிசைப்படுத்தி அச்சிடுவது. 'வரைந்த எழுத்து' என்பது ஒரு குறிப்பிட்ட சொல்லுக்காகவே ஓவியர் கையால் தீட்டுவது. இவ்விரண்டின் வேறுபாடே கட்டுரையின் அடிப்படையாகும். இன்று 'பழைய பொதி எழுத்து' என்று பின்பற்றப்படுவதில் பெரும்பகுதி வரைந்த எழுத்தே. ஆனால் அதனைப் பின்பற்றுவோர் பயன்படுத்துவது பெரும்பாலும் கோத்த எழுத்தின் இன்றைய வடிவமான கணினி எழுத்துரு.

1. பொதிக்கு முந்தைய நிலையும் கலப்பட அச்சமும்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மாவு, சர்க்கரை, தேயிலை, மிளகு முதலியவை பீப்பாய்களிலும் சாக்குகளிலும் கடைக்கு வந்தன. கடைக்காரர் அவற்றை நிறுத்துக் காகிதத்தில் சுருட்டிக் கொடுத்தார். பொருளின் தரத்துக்கு அவரது நாணயமே சான்று. நகரங்கள் பெருகி, வாங்குபவரும் விற்பவரும் ஒருவரையொருவர் அறியாதபோது அச்சான்று வலுவிழந்தது. 1820இல் பிரெடரிக் அக்கும் உணவுக் கலப்படம் பற்றிய நூலை வெளியிட்டு, லண்டனில் விற்கப்பட்ட உணவுகளில் கலந்திருந்த நச்சுப்பொருள்களை வேதியியல் சோதனையின் வழியே காட்டினார். 1850களின் தொடக்கத்தில் ஆர்தர் ஹில் ஹாசல் நுண்ணோக்கியின் துணையோடு நடத்திய ஆய்வுகள் 'லான்செட்' மருத்துவ இதழில் தொடர்ந்து வெளிவந்தன. 1860, 1872, 1875 ஆகிய ஆண்டுகளில் பிரிட்டன் இயற்றிய உணவுச் சட்டங்கள் இவ்விழிப்புணர்வின் விளைவுகளாகும்.

சட்டம் வருவதற்கு முன்பே வணிகம் ஒரு விடையைக் கண்டிருந்தது. 1826இல் ஜான் ஹார்னிமன் தேயிலையை மூடி முத்திரையிட்ட பொட்டலங்களில் விற்கத் தொடங்கினார். பொட்டலம் மூடியிருப்பதால் வாங்குபவர் தேயிலையைப் பார்க்கவோ முகரவோ இயலாது. அவர் காணக்கூடியது மேலுள்ள எழுத்து ஒன்றே. ஆகவே, உள்ளிருப்பதைப் பற்றிய முழுப் பொறுப்பும் அவ்வெழுத்தின்மேல் விழுந்தது. பொருளை மறைக்கும் உறையே பொருளுக்குச் சான்றளிக்க வேண்டியிருந்த இம்முரண்தான் பொதி எழுத்து பிறந்த இடம்.

2. தொழில்நுட்பம் தந்த வடிவம்

அதுவரை ஐரோப்பிய அச்செழுத்து பெரும்பாலும் நூல் வாசிப்புக்காக வார்க்கப்பட்டது. விளம்பரத் தேவை எழுந்ததும் எழுத்து பருக்கத் தொடங்கியது. நூற்றாண்டின் முதல் இருபது ஆண்டுகளுக்குள் லண்டன் வார்ப்பகங்களில் மூன்று புதிய வகைகள் தோன்றின. முதலாவது, தடித்த கோட்டுக்கும் மெல்லிய கோட்டுக்கும் இடையே மிகுந்த வேறுபாடு கொண்ட பருத்த எழுத்து. இரண்டாவது, முனைகளில் கனத்த பட்டைகளுடைய எழுத்து. வின்சென்ட் ஃபிகின்ஸ் 1815 அளவில் இதனை வெளியிட்டார். மூன்றாவது, முனைக்கீற்று ஏதுமற்ற எழுத்து. இது 1816இல் காஸ்லன் வார்ப்பகத்தின் மாதிரி ஏட்டில் இடம்பெற்றது. 1827இல் நியூயார்க்கில் டேரியஸ் வெல்ஸ் மரத்தில் எழுத்துக் குடையும் பொறியை உருவாக்கியதும், உலோகத்தில் வார்க்க இயலாத பேரளவு எழுத்துகள் மலிவாயின.

எனினும், பொதியின் வரலாற்றில் இவற்றினும் பெரிய மாற்றத்தைத் தந்தது கல்லச்சு. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் அலாய்ஸ் செனஃபெல்டர் கண்டறிந்த இம்முறையில், நீரும் எண்ணெய்ப்பசையும் ஒட்டாத இயல்பைக் கொண்டு வழவழப்பான கல்லின் பரப்பிலிருந்தே அச்செடுக்கலாம். 1837இல் கோட்ஃப்ருவா எங்கல்மான் வண்ணக் கல்லச்சுக்குக் காப்புரிமை பெற்றார். அச்சுக்கோப்பில் எழுத்துகள் சதுரக் கட்டைகளின்மேல் நிற்பதால் நேர்வரியில் மட்டுமே எளிதாக அமையும். கல்லில் அத்தடை இல்லை. ஓவியர் சொல்லை வில்லாக வளைக்கலாம், ரிப்பனுக்குள் அலையவிடலாம், எழுத்துக்கு நிழலும் வெளிக்கோடும் பொன்னிற விளிம்பும் தீட்டலாம், படத்தையும் எழுத்தையும் ஒரே மையில் ஒன்றாக்கலாம். பழைய பொதி எழுத்து என்றதும் இன்று நினைவுக்கு வரும் கூறுகள், அதாவது வளைவு, நிழல், சுருள் கொடி, வட்டப் பதக்கம் ஆகியன, கல்லச்சு தந்த உரிமையின் தடயங்களாகும். அவை அக்காலச் சுவையால் மட்டும் விளைந்தவை அல்ல.

தகரத்தில் அச்சிடுவது அடுத்த படி. ஹன்ட்லி அண்ட் பாமர்ஸ் பிஸ்கட் நிறுவனத்துக்காக 1868இல் வந்த அணிவேலைத் தகரப்பெட்டியில், 'அணிகலன் இலக்கணம்' என்னும் பொருள்படும் 1856ஆம் ஆண்டு நூலால் புகழ்பெற்ற ஓவன் ஜோன்ஸின் வடிவமைப்பு இடம்பெற்றது. 1875இல் ராபர்ட் பார்க்லே தகரத்தில் மறைமுகமாக அச்சிடும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். கல்லிலிருந்து நேராகத் தகரத்துக்கு மை ஏறாது. இடையே ஓர் உருளை அம்மையை வாங்கித் தகரத்தில் பதிக்க வேண்டும். பின்னாளில் தாளுக்கும் பரவிய ஆஃப்செட் அச்சின் கொள்கை இதுவே. நூல் அச்சில் பேரிடம் பெற்ற ஒரு தொழில்நுட்பம் பிஸ்கட் பெட்டியின் தேவையால் முதலில் நடைமுறை கண்டது என்பது அச்சு வரலாற்றாளர் கருதத்தக்கது.

1879இல் புரூக்ளினில் ராபர்ட் கெயரின் காகிதப்பை ஆலையில் மடிப்புக் கோடு பதிக்க வேண்டிய உலோகத் தகடு இடம் பிசகிப் பைகளை வெட்டிவிட்டது. வெட்டையும் மடிப்பையும் ஒரே இயக்கத்தில் செய்யலாம் என்பதை அவ்விபத்திலிருந்து கெயர் உணர்ந்தார். இவ்வாறு உருவான மடிப்பு அட்டைப்பெட்டி உணவுப்பொருளுக்குத் தட்டையான ஒரு முகத்தை அளித்தது. அம்முகம் அலமாரியில் வாங்குபவரை நோக்கி நிற்கும் சிறிய சுவரொட்டியாயிற்று.

3. கையொப்பம், முத்திரை, பதக்கம்

பிரிட்டனின் 1875ஆம் ஆண்டு வணிகக்குறிப் பதிவுச் சட்டம் எழுத்தின் வடிவத்துக்கே உடைமை உரிமை தந்தது. ஒரு சொல்லைப் பிறரும் பயன்படுத்தலாம். அச்சொல் எழுதப்பட்ட தனி வடிவத்தைப் பிறர் பயன்படுத்துவது குற்றமாகும். எனவே, எளிதில் கோத்துவிட முடியாத வரைந்த எழுத்து வணிகர்களுக்குச் சட்டக் காப்பாகவும் அமைந்தது. அக்காலப் பொதிகளில் சான்றளிக்கும் எழுத்து பெரும்பாலும் மூன்று உருவங்களில் தோன்றுகிறது.

முதலாவது கையொப்பம். 1886இல் அட்லான்டாவில் கொக்கோகோலாவின் கணக்கரான ஃபிராங்க் ராபின்சன் அப்பானத்துக்குப் பெயரிட்டு, அக்கால அமெரிக்கக் கணக்கர்களும் எழுத்தர்களும் பயின்ற ஸ்பென்சர் கையெழுத்து முறையில் அதை எழுதினார். வணிகக் கடிதத்தின் எழுத்து பானத்தின் எழுத்தாக மாறியது. 1906இல் டபிள்யூ. கே. கெல்லாக் தம் சோளச் செதில் பெட்டிகளில் தம் கையொப்பத்தையே அச்சிட்டு, அது இல்லாதவை உண்மைப் பொருளல்ல என்று அறிவித்தார். போலிகள் மலிந்த சூழலில் இது உண்மையான தற்காப்பு. கையொப்பம் என்பது ஒரு மனிதர் தம் சொல்லுக்குப் பொறுப்பேற்கும் அடையாளம். ஆலையில் ஆயிரக்கணக்கில் அச்சாகும் பெட்டியில் அது தோன்றும்போது, முகமறியா உற்பத்திக்கு ஒரு முகம் கிடைத்துவிடுகிறது.

இரண்டாவது முத்திரை. ஆப்ராம் லைலின் சர்க்கரை ஆலை லண்டன் பிளெய்ஸ்டோவில் உருவாக்கிய பொன்னிறப் பாகு 1885 முதல் பச்சையும் பொன்னும் கலந்த தகரத்தில் விற்கப்பட்டது. விவிலியத்துச் சிம்சோன் கதையிலிருந்து எடுத்த இறந்த சிங்கமும் தேனீக்களும் அதன் மையத்தில் அமைந்தன. பெருமாற்றமின்றி நீடித்த மிகப் பழைய வணிகப்பெயர்ப் பொதி என்று கின்னஸ் பதிவு இதனை ஏற்றது.

மூன்றாவது பதக்கம். கேம்பல் நிறுவனம் 1898இல் தன் சூப் டப்பாவுக்குச் சிவப்பு வெள்ளை லேபிளைக் கொண்டுவந்தது. 1900இல் பாரிஸ் உலகக் கண்காட்சியில் பெற்ற பதக்கத்தின் உருவை லேபிளின் நடுவில் சேர்த்தது. கையொப்பம் உற்பத்தியாளரின் சொல். முத்திரை நிறுவனத்தின் சொல். பதக்கமோ வெளியாரின் சொல். வாங்குபவருக்கு நம்பிக்கையூட்ட மூவகைச் சான்றும் எழுத்தும் ஒரே பரப்பில் இணைந்தன.

4. சிறிய எழுத்தின் வரலாறு

பெரிய எழுத்து தந்த உறுதிமொழி எப்போதும் மெய்யாக இருந்ததில்லை. தூய்மை, இயற்கை என்றெல்லாம் வளைந்த எழுத்தில் அறிவித்த பொதிகளுக்குள் சாயமும் பதனப்பொருளும் இருந்தன. வேதியியலாளர் ஹார்வி வைலி நெடுங்காலம் நடத்திய இயக்கமும், சிகாகோ இறைச்சித் தொழிலைச் சித்திரித்த அப்டன் சின்க்ளேரின் புதினம் எழுப்பிய கொந்தளிப்பும் சேர்ந்து, 1906இல் அமெரிக்காவின் தூய உணவு மருந்துச் சட்டத்துக்கு வழிவகுத்தன. லேபிளில் பொய்யுரைப்பது அதனால் குற்றமாயிற்று. 1938ஆம் ஆண்டுச் சட்டம் கட்டுப்பாட்டை மேலும் இறுக்கியது. 1966ஆம் ஆண்டின் நேர்மையான பொதியிடல், லேபிள் சட்டத்தின் கீழ், நிகர அளவைக் குறிக்கும் எழுத்தின் உயரம் பொதி முகப்பின் பரப்புக்கு ஏற்ப அமைய வேண்டும் என்ற நிலை உருவானது. 1990ஆம் ஆண்டுச் சட்டத்தின் விளைவாக, பர்க்கி பெல்சர் வடிவமைத்த ஊட்டச்சத்து அட்டவணை 1994இல் நடைமுறைக்கு வந்தது. கருங்கோடுகளும் ஹெல்வெடிகா எழுத்தும் கொண்ட அக்கட்டம் அணியேதும் இல்லாதது.

இவ்வரலாறு பொதியின் பரப்பை இரண்டாகப் பிரித்தது. முன்முகத்தில் வணிகரின் எழுத்து. பின்முகத்தில் சட்டத்தின் எழுத்து. முன்னது வரைந்தது, வண்ணமுடையது, அளவில் கட்டற்றது. பின்னது கோத்தது, நிறமற்றது, அளவு விதிக்கப்பட்டது. எழுத்துருவியல் வரலாறு முன்னதையே கலையாகப் பேசிவருகிறது. ஆயினும், உணவைப் பற்றி வாங்குபவர் அறிய வேண்டிய மெய்ம்மைகள் படிப்படியாகப் பின்னதற்கே இடம்பெயர்ந்துவிட்டன. சான்றளிக்கும் பணி சட்டத்தின் எழுத்துக்குச் சென்றபின், வணிகரின் எழுத்துக்கு எஞ்சியது நினைவூட்டும் பணி. பழைய பொதி எழுத்து பின்னாளில் ஏக்கத்தின் மொழியாக மாறக்கூடியதாக இருந்ததற்கு இவ்விடமாற்றமும் ஒரு காரணமாகும்.

5. மீட்பும் அதன் மீதான திறனாய்வும்

இரண்டாம் உலகப்போருக்குப் பின் சுவிட்சர்லாந்துப் பாணி மேலோங்கியது. 1957இல் வெளிவந்த ஹெல்வெடிகா அதன் அடையாளமாயிற்று. அணியை நீக்கிய தெளிவே நவீனம் என்று கருதப்பட்ட அக்காலத்தில், 1954இல் நியூயார்க்கில் தொடங்கிய புஷ் பின் கலைக்கூடத்தின் மில்டன் கிளேசர், சீமோர் குவாஸ்ட் முதலியோர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் மர எழுத்துகளையும் அணிவேலைகளையும் மீண்டும் கையிலெடுத்தனர். 1962இல் லாஸ் ஏஞ்சலிஸ் ஃபெரஸ் கலைக்கூடத்தில் ஆண்டி வார்ஹால் கேம்பல் சூப் டப்பாக்களின் 32 ஓவியங்களைக் காட்சிக்கு வைத்தார். அறுபது ஆண்டுப் பழக்கத்தால் கண்ணுக்குத் தென்படாமற்போன லேபிள் எழுத்து மீண்டும் பார்வைக்குரிய பொருளாயிற்று.

மீட்பு உணவுப் பொதிக்கே திரும்பியது 1980களில். மினியாபொலிஸில் ஜோ டஃபியின் குழுவும் அதில் பணியாற்றிய சார்லஸ் ஆண்டர்சனும் பழைய விளம்பரப் படங்கள், சிறு கல்லச்சு லேபிள்கள் ஆகியவற்றின் மொழியில் புதிய பொருள்களுக்கு உறை செய்தனர். பல ஆண்டுகள் நூல் அட்டைகளை வடிவமைத்த லூயிஸ் ஃபீலி 1989இல் தம் கலைக்கூடத்தைத் தொடங்கி, இத்தாலிய, பிரெஞ்சுப் பழைய லேபிள்களைத் திரட்டி ஆராய்ந்து, உணவகங்களுக்கும் உணவுப் பொதிகளுக்கும் வரைந்த எழுத்தை மீட்டளித்தார்.

இப்போக்குக்கு எதிர்ப்பும் உடன் எழுந்தது. வடிவமைப்பாளர் டிபோர் கால்மன் 1989இல் அமெரிக்க வடிவமைப்பாளர் மாநாட்டின்போது டஃபியின் வணிகப்பணியைக் கடுமையாக விமர்சித்தார். 1991இல் 'பிரிண்ட்' இதழில் ஜே. அபட் மில்லர், கேரி ஜேக்கப்ஸ் ஆகியோருடன் அவர் எழுதிய கட்டுரை, வரலாற்றை அதன் சூழலிலிருந்து பிரித்துப் பாணிகளின் கிடங்காகப் பயன்படுத்துவதைக் கண்டித்தது. பழைய எழுத்தைப் பயன்படுத்துவதே தவறென்று அத்திறனாய்வு கூறவில்லை. அவ்வெழுத்து ஏன் அவ்வாறு இருந்தது என்ற கேள்வியைக் கைவிட்டுத் தோற்றத்தை மட்டும் எடுத்துக்கொள்வதே அதன் இலக்கு.

இவ்விவாதத்தை உணவுப் பொதிக்குப் பொருத்தினால் மூன்று நிலைகளைப் பிரித்தறியலாம். முதல் நிலை தொடர்ச்சி. 2024இல் லைல் தன் பிற பொருள்களுக்குப் புதிய சின்னத்தை ஏற்றபோதும் பழைய தகரத்தை மாற்றாமல் விட்டது. கேம்பல் 2021இல் லேபிளைப் புதுப்பித்தபோதும் சிவப்பு வெள்ளைப் பிரிப்பையும் சாய்கையெழுத்தையும் கைவிடவில்லை. இங்கே எழுத்தின் முதுமை மெய்யானது. இரண்டாம் நிலை தன்மீட்பு. 2021இல் பர்கர் கிங் நிறுவனம் தான் 1969 முதல் பயன்படுத்திய சின்னத்தை ஒத்த வடிவத்துக்குத் திரும்பி, அதனோடு பொருந்தும் பருத்து உருண்ட எழுத்துருவையும் உருவாக்கிக்கொண்டது. இங்கே நிறுவனம் தன் கடந்தகாலத்தையே மேற்கோளாக்குகிறது. மூன்றாம் நிலை கடன். நேற்றுத் தொடங்கிய நிறுவனம் நூறாண்டுப் பழமையுடைய எழுத்தை அணிகிறது. கண்ணுக்கு மூன்றும் ஒன்றுபோலத் தோன்றலாம். வரலாற்றுப் பொருளில் அவை வேறுவேறு. மூன்றாம் நிலையில் எழுத்தின் வடிவம் வாங்குபவரிடம் சொல்லாமல் சொல்லும் ஒரு செய்தி, அதாவது 'இது நெடுநாள் சோதிக்கப்பட்டது' என்பது, உண்மையன்று. ஆனால் எந்தச் சட்டமும் அதனைப் பொய்யென்று கொள்வதில்லை. சட்டம் சொற்களை அளக்கிறது, எழுத்தின் சாயலை அளப்பதில்லை.

6. தமிழ்ப் பொதி எழுத்து: சீர்திருத்தம் இட்ட எல்லை

தமிழகத்துப் பொதி எழுத்தும் கல்லச்சின் வழியே வளர்ந்தது. பி. அய்ய நாடாரும் ஏ. சண்முக நாடாரும் 1922இல் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்றுத் திரும்பியபின் சிவகாசியில் அத்தொழில் வேரூன்றியது. தீப்பெட்டிக்கும் பட்டாசுக்கும் தேவைப்பட்ட லேபிள்களே அவ்வூர் அச்சுத்தொழிலை வளர்த்தன. படமும் எழுத்தும் ஒருங்கே தீட்டப்படும் முறை, ஐரோப்பாவில் போலவே இங்கும், வரைந்த எழுத்துக்கு இடம் தந்தது. தமிழில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற பாகுபாடு இல்லை. இலத்தீன் எழுத்தின் முனைக்கீற்று மரபும் இல்லை. எனவே, பகட்டைக் காட்ட ஓவியர்க்குக் கிடைத்த இடங்கள் வேறு: இகர ஈகாரக் கொக்கிகளின் வளைவு, உகரக் கீழ்நீட்சி, கொம்பின் சுழி, மெய்யின் புள்ளி ஆகியவை.

இங்கேதான் எழுத்துச் சீர்திருத்தம் குறுக்கிடுகிறது. பெரியார் 1935 முதல் 'குடி அரசு' இதழில் நடைமுறைப்படுத்திய மாற்றங்களில் ஒரு பகுதியைத் தமிழக அரசு 1978இல் ஆணையாக ஏற்றது. ணா, றா, னா, ணொ, றொ, னொ, ணோ, றோ, னோ, ணை, லை, ளை, னை ஆகிய 13 எழுத்துகள் புதுவடிவம் பெற்றன. அதற்கு முன் ஆகாரக் கால் ண, ற, ன ஆகியவற்றோடு சுழியாக இணைந்திருந்தது. ஐகாரக் குறி ண, ல, ள, ன ஆகியவற்றோடு யானைத் துதிக்கை போன்ற கீற்றாக ஒட்டியிருந்தது.

இப்பதின்மூன்று எழுத்துகள் உணவுச் சொற்களில் பயிலும் அளவு கருதத்தக்கது. தேயிலை, கடலை, வெற்றிலை, கறிவேப்பிலை, தினை, பனை, அன்னாசி, இறால் என அன்றாடப் பொருட்பெயர்கள் பலவற்றில் இவ்வெழுத்துகளுள் ஒன்று வருகிறது. பொருட்பெயரில் இல்லாவிடினும், பொதிக்குரிய 'விலை' என்னும் சொல்லில் 'லை' உண்டு. தெய்வப் பெயரோடு சேர்த்து எழுதும் 'துணை' என்னும் சொல்லில் 'ணை' உண்டு. ஆகவே, பழைய தமிழ்ப் பொதி ஒன்றின் காலத்தை மதிப்பிட இவ்வெழுத்துகள் முதற்சான்றாக உதவும். ஆனால் அது அறுதிச் சான்றாகாது. ஒருபுறம், சீர்திருத்த வடிவம் 1978க்கு முன்பே திராவிட இயக்க அச்சில் வழங்கியது. மறுபுறம், பழகிய வணிகப்பெயர் வடிவத்தை மாற்ற விரும்பாத நிறுவனமும், பழைய வடிவில் பயின்ற ஓவியரும் ஆணைக்குப் பின்னும் துதிக்கை வடிவத்தைத் தொடர இயலும். ஆணை அரசின் எழுத்தையும் பாடநூலையும் மாற்றியது. பொட்டலத்தின் எழுத்தை அது நேராகத் தொடவில்லை.

வடிவமைப்பு நோக்கில் இம்மாற்றம் வெறும் எழுத்துக்கூட்டு மாற்றமன்று. பழைய வடிவில் 'கடலை' மூன்று உருவங்களால் ஆன சொல். புதிய வடிவில் ஐகாரக் குறி தனித்து நிற்பதால் நான்கு உருவங்களால் ஆன சொல். 'விலை' இரண்டிலிருந்து மூன்றாகிறது. சொல்லின் அகலம் கூடுகிறது; மேலெழுந்து வளையும் கீற்று மறைகிறது. வில் வளைவிலோ வட்டத்திலோ சொல்லைப் பொருத்தும் ஓவியர்க்கு இது சமநிலையையே மாற்றும் வேறுபாடு.

இதனால், இலத்தீன் எழுத்தில் எழாத ஒரு தேர்வைத் தமிழ் மீட்பு வடிவமைப்பாளர் செய்ய வேண்டியுள்ளது. கொக்கோகோலாவின் எழுத்தை ஒத்து இன்று எழுதினாலும் ஆங்கில எழுத்துக்கூட்டு மாறுவதில்லை. 1950களின் தமிழ் லேபிளை ஒத்து எழுத முனைபவரோ, பழைய 'லை'யை ஏற்றால் இளைய வாசகர் தடுமாறக்கூடும். புதிய 'லை'யை ஏற்றால் சாயல் குலையும். யூனிகோடு குறியேற்றத்தில் இரு வடிவங்களுக்கும் தனித்தனிக் குறியிடம் இல்லை. இரண்டும் ஒரே எழுத்தின் தோற்ற வேறுபாடுகளாகவே கொள்ளப்படுகின்றன. எத்தோற்றம் திரையில் வரும் என்பதை எழுத்துருவே முடிவுசெய்கிறது. எனவே, பழைய வடிவம் எழுத்துருவாக்குநர் அதனை மாற்றுருவாக வரைந்து சேர்த்தாலன்றிக் கணினிவழி வடிவமைப்பில் கிடைக்காது. ஒரு மொழியின் அச்சு நினைவு எழுத்துருக் கோப்பின் உள்ளடக்கத்தைச் சார்ந்து நிற்கும் நிலை இது.

அண்மை ஆண்டுகளில் தமிழ்க் காட்சி எழுத்துருக்கள் பெருகியுள்ளன. 'பாலூ தம்பி', 'காய்னி' போன்றவை பருத்து உருண்ட வடிவங்களைத் தந்தன. எக் டைப் குழுவினர் 2022இல் வெளியிட்ட 'அனேக் தமிழ்' அகலத்தையும் தடிப்பையும் விரும்பியவாறு மாற்ற இடமளிக்கிறது. ஒட்டுநிலை மொழியாகிய தமிழின் நீண்ட சொற்களைக் குறுகிய பொதிமுகத்தில் அடக்க இது பயன்படும். இவை பன்மொழி எழுத்துருக் குடும்பங்களின் உறுப்புகளாக அமைந்தவை; பிற எழுத்துமுறைகளோடு இசைவதே அவற்றின் முதல் நோக்கம். தமிழ்க் கல்லச்சு லேபிள்களைத் திரட்டி ஆராய்ந்து, அவற்றின் வளைவு மரபிலிருந்து எழுத்துரு வடிக்கும் முயற்சி வேறு வகைப்பட்டது. அதற்கு முன்நிபந்தனை மூலங்களின் தொகுப்பு. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் நூல்களோடு துண்டு அச்சுகளையும் பாதுகாப்பது இவ்வகையில் முன்மாதிரியாகும்.

7. சட்டத்தின் மொழியும் தமிழ் எழுத்தின் இடமும்

நான்காம் பகுதியில் கண்ட இரு எழுத்துகளின் பிரிவு தமிழகத்தில் மொழிப் பிரிவாகவும் அமைகிறது. 2011ஆம் ஆண்டின் சட்டமுறை எடையளவு (பொதியிட்ட பொருள்கள்) விதிகள் பொதியின் கட்டாய விவரங்கள் தேவநாகரி எழுத்திலான இந்தியிலோ ஆங்கிலத்திலோ இருக்க வேண்டும் என்கின்றன. இந்திய உணவுப் பாதுகாப்பு, தர ஆணையத்தின் 2020ஆம் ஆண்டு லேபிள் ஒழுங்குமுறைகளும் அவ்வாறே. பிற மொழிகளை அவற்றோடு கூடுதலாகச் சேர்க்கத் தடையில்லை, சேர்க்கக் கட்டாயமுமில்லை.

இதன் விளைவு வரலாற்று நோக்கில் கூர்மையானது. மேலைநாட்டுப் பொதியில் முன்முகமும் பின்முகமும் எழுத்துப் பாணியில் வேறுபட்டாலும் ஒரே மொழியில் வாசகரோடு பேசின. தமிழ்ப் பொதியில் முன்முகத்து வணிகப்பெயர் தமிழில் இருக்கலாம். சேர்மானம், ஒவ்வாமை எச்சரிக்கை, பயன்படுத்தத் தக்க காலம் ஆகியவை தமிழில் இல்லாமலிருப்பது சட்டத்துக்கு உட்பட்டதே. தமிழ் மட்டும் படிக்கத் தெரிந்தவருக்கு உறுதிமொழி எட்டுகிறது. அதனைச் சரிபார்க்கும் விவரம் எட்டுவதில்லை. 2001இல் கட்டாயமாக்கப்பட்ட சைவ, அசைவக் குறிகள் எம்மொழியினரும் அறியுமாறு அமைந்தவை. எழுத்தறிவைச் சாராத அறிவிப்பு இயலும் என்பதற்கு அவை சான்று. ஆயினும் ஒரு புள்ளியால் சொல்லக்கூடியது மிகச் சிறிதே.

இந்நிலையில் பழமைச் சாயல் கொண்ட தமிழ் எழுத்து பொதியில் பெருகுவதை இரு வகையில் மதிப்பிடலாம். அது தமிழ் எழுத்தின் கலைமரபை மீட்கிறது என்பது உண்மை. அதேவேளை, தமிழைச் சான்றின் மொழியாக அன்றி ஏக்கத்தின் மொழியாக மட்டும் நிறுத்திவிடும் அபாயமும் அதில் உண்டு. கோவில்பட்டிக் கடலை மிட்டாய் 2020இல் புவிசார் குறியீடு பெற்றது. இத்தகைய பொருளுக்குத் தமிழ் எழுத்து இடத்தையும் பரம்பரையையும் உணர்த்தும் அடையாளமாகிறது. அவ்வடையாளத்தின் பின்னுள்ள விவரங்களும் அதே எழுத்தில் அமையும்போதே அது முழுமை பெறும்.

முடிவுரை

இவ்வாய்வின்வழி நான்கு முடிவுகள் பெறப்படுகின்றன.

1. பழைய உணவுப் பொதிகளின் எழுத்து வடிவம் கலப்பட அச்சத்துக்கு வணிகம் கண்ட விடையாகும். கையொப்பம், முத்திரை, பதக்கம் ஆகிய மூன்றும் சான்றளிக்கும் உருவங்களாகவே தோன்றின.

2. அவ்வடிவத்தின் கூறுகளான வளைவு, நிழல், சுருள் ஆகியவை கல்லச்சும் தகர அச்சும் தந்த உரிமையிலிருந்து விளைந்தவை. வணிகக்குறிச் சட்டம் வரைந்த எழுத்துக்கு மேலும் மதிப்பளித்தது.

3. உணவுச் சட்டங்கள் சான்றளிக்கும் பணியைச் சிறிய எழுத்துக்கு மாற்றியபின் பெரிய எழுத்து நினைவூட்டும் எழுத்தாயிற்று. இன்றைய மீட்பைத் தொடர்ச்சி, தன்மீட்பு, கடன் என மூவகையாகப் பிரித்து மதிப்பிடுவதே பொருந்தும்.

4. தமிழில் இம்மீட்பு, 1978ஆம் ஆண்டின் எழுத்துச் சீர்திருத்தத்தையும் பொதி விவர மொழி பற்றிய விதிகளையும் கருதாமல் நடைபெற இயலாது. பழைய வடிவங்களை மாற்றுருக்களாகக் கொண்ட எழுத்துருக்களும், துண்டு அச்சுகளின் முறையான தொகுப்பும் ஆய்வுத்துறை உடன் மேற்கொள்ளத்தக்க பணிகளாகும்.

மூடிய பொட்டலத்தின்மேல் எழுதப்பட்ட பெயர், உள்ளிருப்பதைக் காண இயலாதவருக்காக எழுதப்பட்டது. அவர் எம்மொழியில் படிக்கிறார் என்ற கேள்வியையும் உட்கொண்டால்தான் அவ்வெழுத்தின் வரலாறு நிறைவுறும்.